மீஞ்சூர் யார் பொறுப்பில்?

நமது சங்கக் கூட்டம் முடிந்து அன்பர்கள் கலையும் வேளையில் ஒரு கேள்வி அடிக்கடி எழுகிறது. மீஞ்சூரையும் சென்னை மாநகராட்சியோடு சேர்த்துவிட்டால் என்ன? சாலையும் சாக்கடையும் விளக்கும் தாமே வந்து சேருமே என்பது கேட்போரின் எண்ணம். ஆசையில் குற்றமில்லை. ஆயினும் அண்டை ஊரின் கதையை அறிந்த பின் முடிவு செய்வதே முறை.

மீஞ்சூரில் ரயிலேறித் தெற்கே சென்றால், எண்ணூரைக் கடந்து திருவொற்றியூர் வருகிறது. அது தனக்கெனத் தலைவரும் மன்றமும் வரவு செலவுத் திட்டமும் உடைய முனிசிபாலிடியாக இருந்தது. கத்திவாக்கமும் அப்படியே. 2011இல் சென்னையின் எல்லை 174 சதுர கிலோமீட்டரிலிருந்து 426ஆக விரிந்தபோது இரண்டும் மாநகராட்சிக்குள் அடங்கின. இன்று அவை முதலாவது மண்டலம். மாநகராட்சியின் 200 வார்டுகளில் 14 வார்டுகள். பெரிய நிதி கிடைத்தது உண்மை. அதனை நாம் குறைத்துப் பேசவில்லை. ஆனால் முன்பு ஊர் மன்றத்திலேயே முடிவான விஷயத்திற்கு இப்போது இருநூறு பேரில் பதினால்வர் வாதாட வேண்டியிருக்கிறது. சீன நகரங்களில் தெரு அலுவலகம் என்றொரு அமைப்பு உண்டு. 1954இல் சட்டமாக வகுக்கப்பட்ட அது மேலிடத்தின் கை; மக்கள் தேர்ந்தெடுத்த மன்றமன்று. நமது மண்டலங்களுக்கு உறுப்பினர்கள் உண்டு என்பது ஆறுதலே; எனினும் தனி மன்றத்திற்கு அது ஈடாகாது.

மீஞ்சூர் 2011இல் பேரூராட்சியாகவே விடப்பட்டது. அதனால் நம் குரல் எடுபட்டதா? தண்ணீர் விஷயம் ஒன்றே போதும். 1960களின் பிற்பகுதியில் ஐக்கிய நாடுகள் வளர்ச்சித் திட்டத்தின் உதவியோடு ஆராய்ந்து, மீஞ்சூர், பஞ்செட்டி, தாமரைப்பாக்கம் வட்டாரங்களில் நிலத்தடி நீர் நிறைய உண்டென்று கண்டனர். சென்னையின் தாகத்திற்கும் ஆலைகளுக்கும் நீர் இறைக்கப்பட்டது. இறைக்க இறைக்கக் கடல் நீர் உள்ளே புகுந்தது. பயிரிடுவோரின் கிணறுகள் உப்பாயின. பிறகு 2010இல் கடல் நீரைக் குடிநீராக்கும் ஆலை ஒன்று, நாளொன்றுக்குப் பத்துக் கோடி லிட்டர் திறனுடன், சென்னைக்காக அமைந்தது. அது இருப்பது காட்டுப்பள்ளியில்; பெயர் மட்டும் மீஞ்சூர் ஆலை! பெயரை இரவல் கொடுத்தோம், நீரையும் கொடுத்தோம். எவ்வளவு இறைப்பது என்ற முடிவு ஒருநாளும் நம் ஊர் மன்றத்தின் கையில் இருந்ததில்லை.

ஆகவே தனி மன்றம் இருந்தால் மட்டும் போதாது. அது உயிரோடும் இருக்க வேண்டும். 2016இல் நடக்கவேண்டிய தேர்தல் நின்றுபோயிற்று. 2022 பிப்ரவரியில் தேர்தல் நடக்கும் வரையில், ஐந்தாண்டுகளுக்கு மேலாக நகரங்களும் பேரூர்களும் தனி அதிகாரிகளின் பொறுப்பில் இருந்தன. தனி அதிகாரி ஆட்சி எப்படிப்பட்டது என்பதைக் கூட்டுறவு அங்கத்தினருக்கு நாம் விளக்க வேண்டியதில்லை. நிர்வாகக் குழு கலைந்த சங்கத்தில் நூலுக்கும் உரத்துக்கும் யாரிடம் முறையிடுவதென்று தெரியாமல் நின்றவர்கள் நம்மில் பலர். கணக்கு ஒழுங்காகவே இருக்கலாம்; கேட்க ஆள் இல்லை.

மீஞ்சூர் பேரூராட்சியாக நீடிப்பதா, நகராட்சியாக உயர்வதா, சென்னையோடு சேர்வதா என்பதை எந்த அரசு முடிவு செய்வதாயினும், அதற்கு முன் ஊர் மன்றத்தில் வெளிப்படையாக விவாதித்துத் தீர்மானம் பெறவேண்டும் என்பதே நமது கோரிக்கை. எதிலே சேர்ந்தாலும், நிலத்தடி நீரைப் பற்றிய முடிவில் உள்ளூர் விவசாயிகளுக்கு இடம் வேண்டும். நெசவாளர் தெருக்களின் குடிநீரும் அந்த முடிவோடு ஒட்டியதே. 2022 முதல் நகர்ப்புறங்களிலும் பகுதி சபை என்ற ஏற்பாடு நமது மாநிலத்தில் உண்டு. அடுத்த சபை எப்போது கூடுகிறதென்று பேரூராட்சி அலுவலகத்தில் விசாரித்து, தேதியைச் சங்கப் பலகையில் எழுதி வைக்கும்படி காரியதரிசிகளைக் கேட்டுக்கொள்கிறோம். உப்புக் கிணறு உள்ளவர்கள் ஒரு குப்பி நீரைக் கையோடு கொண்டு வரட்டும்.