வெட்டினீர்கள், தைத்தீர்கள், சொன்னீர்களா?

வலித்ததற்காகச் சண்டை போட வரவில்லை நான். பிள்ளை பெற்றால் வலிக்கும் என்று தெரிந்துதான் அந்த மேசையில் ஏறினேன். கிழிந்ததற்காகவும் வரவில்லை. முதல் பிரசவத்தில் பத்துப் பெண்களில் ஒன்பது பேருக்குக் கொஞ்சமாவது கிழியும் என்று இப்போது படித்துத் தெரிந்துகொண்டேன். தலை இறங்கும்போது சதை விரிந்து கொடுக்கிறது, தாங்காத இடத்தில் கிழிகிறது. உடம்பின் மேல் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. என் ஆத்திரமெல்லாம் உங்கள் மேல்தான் சிஸ்டர், உங்கள் மேல்தான் டாக்டரம்மா. கத்தரிக்கோலை எடுக்கும்போதும் சொல்லவில்லை, தைத்து முடித்தும் சொல்லவில்லை, வீட்டுக்கு அனுப்பும்போதும் சொல்லவில்லை.

வலி தாங்காமல் கத்தினேன். "படுக்கும்போது இனிச்சுதா, இப்ப மட்டும் கத்துறே?" என்று ஒருவர் கேட்டார். மற்றவர்கள் சிரித்தார்கள். எனக்குத் தெரிந்த பெண்கள் பலரும் அதே வாக்கியத்தைத்தான் சொல்கிறார்கள். வேறு வேறு ஊர், வேறு வேறு ஆஸ்பத்திரி, வாக்கியம் மட்டும் மாறுவதில்லை. அதை எந்த வகுப்பில் சொல்லிக்கொடுக்கிறார்கள்?

மல்லாக்கப் படுக்கவைத்துக் காலைத் தூக்கி மாட்டினீர்கள். ஒருவர் என் வயிற்றின் மேல் முழங்கையை வைத்து அழுத்தித் தள்ளினார். அப்படி அழுத்தக் கூடாது என்று உலக சுகாதார நிறுவனம் 2018-லேயே எழுதிவைத்திருக்கிறது. பிறகு கீழே ஏதோ வெட்டுப்பட்டது. வெட்டியது எனக்குத் தெரிந்தது. ஏன் என்று யாரும் சொல்லவில்லை. மரத்துப்போக ஊசி போட்டீர்களா? போட்டிருந்தால், நஞ்சு விழுந்தபின் தைத்தபோது ஒவ்வொரு குத்தும் எனக்கு ஏன் தெரிந்தது? கால் உதறியபோது தொடையில் ஒரு அடி. "ரெண்டே தையல்தான், ஆடாம கிட." ரெண்டு தையல் இல்லை அது.

டிஸ்சார்ஜ் அட்டையில் ஒரே ஒரு வரி: எஃப்.டி.என்.டி., ஆர்.எம்.எல்.இ. மாதம் நிறைந்த இயல்பான பிரசவம், வலப்பக்கம் சாய்த்து வெட்டப்பட்டது என்று அதற்குப் பொருளாம். என் உடம்பில் கத்தி வைத்ததற்கு அந்த நாலு எழுத்துதான் கணக்கு. கையெழுத்துகூடப் புரியவில்லை.

முதல் பிரசவம் என்றால் வெட்டிவிட வேண்டும் என்று யார் சொன்னது என்று தேடிப் பார்த்தேன். 1920-ல் அமெரிக்காவில் ஜோசப் டிலீ என்ற மருத்துவர் அப்படி வாதாடியிருக்கிறார். சீராக வெட்டினால் தைப்பது சுலபம், பெரிய கிழிசல் வராது என்ற நம்பிக்கை. பிற்பாடு ஆயிரக்கணக்கான பெண்களை வைத்து ஆராய்ந்தபோது முடிவு தலைகீழாக வந்தது: எல்லோரையும் வெட்டுவதைவிட, தேவைப்பட்டவரை மட்டும் வெட்டினால் மோசமான கிழிசல் குறைகிறது. குழந்தையின் இதயத்துடிப்பு இறங்குகிறது, ஆயுதம் போட்டு எடுக்க வேண்டியிருக்கிறது என்றால் வெட்டட்டும், நான் மறுக்கவில்லை. அப்போதும் சரியான சாய்வில் வெட்ட வேண்டும். ஆசனவாய்ப் பக்கம் போனால் கத்தரிக்கோலே அந்தத் தசையை அறுத்துவிடும். வழக்கமாக எல்லோருக்கும் வெட்டாதீர்கள் என்று அதே 2018 அறிக்கை சொல்கிறது. நூறு வருடத்துக்கு முந்தைய அமெரிக்க வழக்கம் எங்கள் ஊர்ப் பிரசவ அறையில் இன்னும் உயிரோடு இருக்கிறது.

தடுக்க என்ன செய்திருக்க வேண்டும் என்று படித்தபோதுதான் வயிறு எரிந்தது. ஏதோ கோடி ரூபாய் இயந்திரம் வேண்டும் என்று நினைத்திருந்தேன். வெந்நீர்! சுத்தமான துணியை வெந்நீரில் நனைத்துப் பிழிந்து, தலை இறங்குகிற நேரத்தில் பிறப்புறுப்புக்கும் ஆசனவாய்க்கும் நடுவே ஒத்தடம் கொடுத்தால், ஆசனவாய்த் தசை வரை போகிற கிழிசல் குறைகிறது என்று ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. ஒரு கை அந்த இடத்தைத் தாங்க, மறு கை தலை குபுக்கென்று வராமல் பிடிக்க, "இப்ப முக்காதே, மெல்ல ஊது" என்று ஒருவர் சொன்னால் போதும். எட்டாம் மாதத்துக்குப் பிறகு எண்ணெய் தொட்டு அந்த இடத்தை நீவிவிட்டால் முதல் பிரசவத்தில் தையல் தேவைப்படுவது குறையும் என்று ஸ்கேனுக்கு வந்த நாட்களில் சொல்லியிருக்கலாம். இரும்பு மாத்திரை கொடுத்தீர்கள், எடை பார்த்தீர்கள், தடுப்பூசி போட்டீர்கள். இடுப்புக்குக் கீழே ஒரு வார்த்தை பேசவில்லை. காது குத்திய பிள்ளைக்குக்கூட எங்கள் வீட்டில் ஒத்தடம் கொடுப்பார்கள். உங்கள் பிரசவ அறையில் ஒரு வாளி வெந்நீர் இல்லை.

நாலு மேசைக்கு ஒரு நர்ஸ் என்றால் அவர் யார் பக்கத்தில் நின்று ஒத்தடம் கொடுப்பார் என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி, ஆனால் அதை என்னிடம் கேட்காதீர்கள், ஆள் போடாதவர்களிடம் கேளுங்கள். தமிழ்நாட்டில் 99.6 சதவீதப் பிரசவம் ஆஸ்பத்திரியில் நடக்கிறது என்று 2019-21 தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பு பெருமையாகச் சொல்கிறது. வீட்டிலிருந்து எங்கள் எல்லோரையும் அழைத்து வந்தவர்கள், வந்த இடத்தில் எங்களைப் பார்த்துக்கொள்ள வேண்டாமா? 2017-ல் மத்திய அரசு தொடங்கிய லக்ஷ்யா திட்டத்தில் பிரசவ அறையில் துணைக்கு ஒருவர், மறைப்புத் திரை, மரியாதை எல்லாம் உண்டு. என் அம்மா வெளியே வராந்தாவில் நின்று என் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

என்னால் மன்னிக்கவே முடியாதது இதற்கு மேல்தான் இருக்கிறது. கிழிசலில் நாலு நிலை உண்டு. தோலோடு நிற்பது முதல் நிலை, அடியில் உள்ள தசை வரை போவது இரண்டாம் நிலை. ஆசனவாயை மூடித் திறக்கிற சுருக்குத் தசை கிழிந்தால் மூன்று; அதையும் தாண்டி மலக்குடலின் உள்தோல் கிழிந்தால் நாலு. மூன்றும் நாலும் முதல் பிரசவத்தில் நூற்றில் ஆறு பேருக்கு வரலாம் என்கிறது பிரிட்டனின் மகப்பேறு மருத்துவர் கல்லூரி. ஆசியப் பெண்களுக்கு ஆபத்து கூடுதல் என்றும் அதன் வழிகாட்டியில் இருக்கிறது. கண்டுபிடிக்க ஸ்கேன் வேண்டாம். தைப்பதற்கு முன் உறை போட்ட விரலை ஆசனவாயில் விட்டு, தசை முழுசாக இருக்கிறதா என்று தடவிப் பார்க்க வேண்டும். கேட்டுவிட்டுச் செய்ய வேண்டிய, ஒரு நிமிடம்கூட ஆகாத சோதனை. அதைச் செய்யாமல் மேலே தோலை இழுத்துத் தைத்து அனுப்பினீர்கள். கண்டுபிடித்திருந்தால் ஆபரேஷன் தியேட்டருக்குக் கொண்டுபோய், முதுகில் ஊசி போட்டு, நல்ல வெளிச்சத்தில், அனுபவம் உள்ளவர் தசையைத் தசையோடு சேர்த்துத் தைத்திருப்பார். அப்படித் தைத்தவர்களில் நூற்றுக்கு 60 முதல் 80 பேர் வரை ஒரு வருடத்தில் எந்தத் தொல்லையும் இல்லாமல் ஆகிவிடுகிறார்கள். அந்தக் கூட்டத்தில் நானும் இருந்திருப்பேனே!

வீட்டுக்கு வந்தேன். பத்தியம் தொடங்கியது. காய் கிடையாது, பழம் கிடையாது, தண்ணீர் அளந்து ஒரு டம்ளர், குடித்தால் வயிறு ஊதிவிடும் என்று. மலம் கல்லானது. தையல் போட்ட இடத்தில் கல்லைத் தள்ளுவது எப்படி இருக்கும் என்று யாருக்காவது விளக்க வேண்டுமா? அம்மாவையும் அத்தையையும் நான் குறை சொல்ல மாட்டேன், அவர்களுக்குத் தெரிந்ததை அன்பாகச் செய்தார்கள். தெரிந்த நீங்கள் அல்லவா சொல்லியிருக்க வேண்டும். தண்ணீர் நிறையக் குடி, கீரையும் பழமும் சாப்பிடு, மலம் இளக மருந்து எடு. சிறுநீர் போகும்போது வெதுவெதுப்பான தண்ணீரை ஊற்றிக்கொண்டே போ, எரியாது. பேசினில் வெந்நீர் விட்டு உட்கார், பிறகு ஈரமில்லாமல் ஒற்றி எடு. தையல் தானாகக் கரைந்துவிடும்; ஆனால் சீழோ, நாற்றமோ, காய்ச்சலோ, தையல் பிரிவதோ இருந்தால் அன்றைக்கே வா. சிறுநீரை அடக்குவதுபோல அந்தத் தசையை இறுக்கி, விட்டு, இறுக்கிப் பழகு. காற்றையோ மலத்தையோ அடக்க முடியவில்லை என்றால் வெட்கப்படாமல் வந்து சொல். எழுதிக் கொடுத்திருந்தால் ஒரு பக்கம்கூட வந்திருக்காது.

எனக்குக் காற்றும் நிற்கவில்லை, மலமும் நிற்கவில்லை. அவசரம் என்று தோன்றினால் அடுத்த நொடி ஓட வேண்டும். பஸ் ஏறுவதை விட்டேன். கல்யாண வீட்டுப் பந்தியில் உட்காருவதை விட்டேன். மாதவிலக்கு இல்லாத நாளிலும் நாப்கின். துணியை யாரும் எழுவதற்கு முன் துவைத்துக் காயப்போடுவேன். புருஷன் பக்கத்தில் வந்தால் தையல் இருந்த இடத்தில் கத்தி செருகுவதுபோல இருக்கும். எனக்கு விருப்பமில்லை என்று அவர் எடுத்துக்கொண்டார். சோதனைக்கு வந்தபோது சொன்னேன் டாக்டரம்மா, உங்களிடம்தான் சொன்னேன். நிமிர்ந்துகூடப் பார்க்காமல் "பிள்ளை பெத்தா அப்படித்தாம்மா இருக்கும், போகப் போகச் சரியாயிடும்" என்று அடுத்த டோக்கனைக் கூப்பிட்டீர்கள்.

வேறொரு ஊரில், மூலத்துக்குப் பார்க்கிற மருத்துவர் ஒருவர்தான் முதன்முதலாக விரலால் சோதித்தார். ஸ்கேன் எடுத்தார். "தசை பிரசவத்துலயே பிரிஞ்சிருக்கும்மா, அப்பவே யாரும் பாக்கலையா?" என்று கேட்டார். அந்த அறையில் உட்கார்ந்து அழுதேன். அசிங்கம் இல்லை, என் சோம்பல் இல்லை, என் பிடிவாதம் இல்லை, பிரிந்த ஒரு தசை. இப்போது பிசியோதெரபி நடக்கிறது. அது போதாவிட்டால் அறுவை சிகிச்சை. அன்றைக்கே தைத்திருந்தால் இவ்வளவு தூரம் வந்திருக்காது.

அவசரத்தில் கேட்டுக்கொண்டிருக்க முடியாது என்று சொல்லாதீர்கள். வயிற்றைப் பார்க்க மட்டும் சம்மதித்த பெண்ணின் கருப்பையை எடுத்துவிட்ட வழக்கில், உயிருக்கு உடனடி ஆபத்து இல்லாதபோது சம்மதம் இல்லாமல் செய்தது தவறு என்று 2008-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லியிருக்கிறது. என் உடம்புக்கும் அந்தச் சட்டம்தான். "வெட்ட வேண்டியிருக்கும்மா, குழந்தைக்கு மூச்சு முட்டுது" என்று சொல்ல மூன்று நொடி ஆகுமா? நான் வேண்டாம் என்றா சொல்லியிருப்பேன்?

இப்போது வீட்டில் இரண்டாவது பிள்ளையைப் பற்றிப் பேசுகிறார்கள். என் போன்றவள் அடுத்த முறை எப்படிப் பெற வேண்டும், ஆபரேஷன் நல்லதா இல்லையா என்று மருத்துவரோடு உட்கார்ந்து முடிவு செய்ய வேண்டுமாம். அதற்கு முதல் பிரசவத்தில் என்ன நடந்தது என்று தெரிய வேண்டும். என் கையில் இருப்பது ஆர்.எம்.எல்.இ. என்ற நாலு எழுத்து.

அதனால் கேஸ் ஷீட் கேட்டு எழுதிக் கொடுத்திருக்கிறேன். உள்நோயாளியின் ஆவணங்களை மூன்று வருடம் பத்திரப்படுத்த வேண்டும், கேட்டால் 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும் என்பது 2002-ம் ஆண்டு மருத்துவ ஒழுங்குமுறை விதி. என் பிள்ளைக்கு இன்னும் மூன்று வயது முடியவில்லை. வெட்டியது யார், ஏன், மரத்துப்போகும் மருந்து எவ்வளவு, ஆசனவாயைச் சோதித்தீர்களா இல்லையா, தைத்தது யார். ஐந்தும் எழுத்தில் வேண்டும். "இதெல்லாம் எதுக்கும்மா இப்ப?" என்று கவுன்டரில் கேட்டார்கள். நகல் கையில் வரும்வரை தினமும் வந்து அந்த பெஞ்சில் உட்காருவேன். நாப்கின் வைத்துக்கொண்டுதான் வருவேன்.