நடந்து கண்ட ஊரே நம் ஊர்

இமயமலை அடிவாரத்துக்குப் போய்வர வேண்டுமென்னும் ஆசை நம் அங்கத்தினர் சிலரிடம் அண்மையில் முளைத்திருக்கிறது. கல்லூரியில் படிக்கும் பிள்ளைகளும் வெளியூரில் உத்தியோகம் பார்க்கும் மருமக்களும் போய்வந்து சொல்லும் செய்திகளே இதற்குக் காரணம். பனிப்பாறையில் கயிறு கட்டி ஏறுகிற காரியமன்று இது. நாளொன்றுக்கு மூன்று நான்கு மணி நேரம் மெல்ல நடக்க வேண்டும். வழிகாட்டி ஒருவர் கூடவே வருவார். இரவு கிராமத்து வீட்டில் தங்கலாம். வழியிலுள்ள பௌத்த மடங்களைக் கண்டு வரலாம். இதற்குச் சங்கத்தின் சார்பில் ஒரு கோஷ்டியை அனுப்பலாகாதா என்று நெசவாளத் தோழர் ஒருவர் நம்மைக் கேட்டார். அருகிலிருந்த விவசாயி, "முட்டிவலிக்காரன் இமயத்துக்குப் போய் என்ன செய்யப்போகிறான் ஐயா?" என்று சிரித்தார். இவ்விருவருக்கும் விடை கூற வேண்டியது நம் கடமையாகிறது.

முதலில் ஆசையைப் பற்றிச் சொல்வோம். அது நல்ல ஆசையே. தறிக்குழியில் காலை விட்டு ஆண்டு முழுவதும் ஒரே இடத்தில் அமர்ந்திருப்பவரும், வரப்பையும் மதகையும் விட்டு அகலாதவரும் வெளியுலகைக் காண விரும்புவதில் தவறு யாது? அதிலும் இமயத்தின் அடிவாரம் நம் போன்றோர் காணத்தக்க இடம். இமாசலப் பிரதேசத்தின் காங்ரா பள்ளத்தாக்கிலே, பாலம்பூரில் தேயிலைக் கூட்டுறவுத் தொழிற்சாலை இருக்கிறது. பக்கத்துக் குலுப் பள்ளத்தாக்கிலே, புட்டி என்னும் ஊரில் 1944-ஆம் ஆண்டு நெசவாளர்கள் கூட்டுறவுச் சங்கம் கண்டார்கள். தளர்ந்து கிடந்த அச்சங்கத்தை 1956-இல் வேத் ராம் தாக்கூர் என்பவர் தூக்கி நிறுத்தினார். குலுச் சால்வை இன்று நாடெங்கும் பெயர் பெற்றிருப்பதில் அச்சங்கத்துக்குப் பெரும் பங்குண்டு. 1959-இல் திபெத்திலிருந்து வெளியேறிய மக்கள் தருமசாலையிலும் பீர் என்னும் ஊரிலும் குடியமர்ந்து, மடங்களை எழுப்பிக் கம்பள நெசவையும் விடாமல் காத்துவருகிறார்கள். நெசவாளரும் விவசாயியும் துறவியும் அண்டை வீட்டாராய் வாழும் அந்நாட்டைக் காண விரும்புவோரை நாம் தடுக்க மாட்டோம்.

ஆனால் கணக்கையும் பார்க்க வேண்டுமல்லவா? புதுச்சேரியிலிருந்து தில்லி சேரவே ரயிலில் ஏறக்குறைய இரண்டு நாள் ஆகும். அங்கிருந்து மேலும் ஓர் இரவு பஸ் பிரயாணம். போக வர ஒரு வாரமும், அங்கே நடக்க நாலைந்து நாளும் வேண்டும். பத்துப் பன்னிரண்டு நாள் தறி நின்றால் குடும்பத்தின் அடுப்பு என்னாவது? ஆகவே இமயப் பயணம் இன்றுள்ள நிலையில் சிலருக்கே கைகூடும். சங்கத்தின் பொதுப்பணத்தைச் சிலருக்காகச் செலவிடுவது கூட்டுறவு நியாயமாகாது.

இத்துடன் நாம் நிறுத்திவிட்டால், பிள்ளை கேட்ட பொம்மையை விலை அதிகமென்று சொல்லி இழுத்துப்போகும் தகப்பனின் கதையாகிவிடும். அந்தப் பயணத்தின் சாரம் எது என்று கேட்போம். மலையின் உயரமா? அன்று. சிறு தொலைவு, மெல்லிய நடை, ஊரறிந்த வழிகாட்டி, ஊரார் சமைத்த உணவு, தவம் செய்தோர் வாழ்ந்த இடம் ஆகிய ஐந்துமே அதன் சாரம். இந்த ஐந்தும் தமிழ்நாட்டிலேயே ஓரிடத்தில் கூடி வந்திருக்கின்றன. அதனால் விளைந்த நன்மையையும் நாம் கண்ணாரக் கண்டிருக்கிறோம்.

மதுரையைச் சுற்றியுள்ள குன்றுகளில் ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன்பே சமணத் துறவிகள் தங்கினார்கள். அவர்களுக்காகப் பாறையில் வெட்டிய கற்படுக்கைகளும், கொடுத்தவர் பெயரைப் பொறித்த தமிழ் பிராமி எழுத்துகளும் யானைமலை, கீழவளவு, அரிட்டாபட்டி முதலிய இடங்களில் இன்றும் உள்ளன. பிற்காலத்தில் அச்சணந்தி என்னும் முனிவர் அந்தக் குன்றுகள் பலவற்றில் தீர்த்தங்கரர் திருமேனிகளைச் செய்வித்தார். நெடுங்காலம் இவற்றைத் தேடிச் சென்றோர் ஆராய்ச்சியாளரும் ஆடு மேய்ப்போருமே. யானைமலையைச் சிற்ப நகரமாக மாற்றும் யோசனை எழுந்தபோது ஊரார் அதை எதிர்த்தார்கள். அச்சமயம் எழுத்தாளர் அ. முத்துக்கிருஷ்ணனும் நண்பர்களும் மக்களைக் குன்றுகளுக்கு அழைத்துச் செல்லும் பணியைத் தொடங்கினார்கள். 'பசுமை நடை' என்று அதற்குப் பெயர். ஞாயிறு காலையில் கூடிக் குன்றேறுகிறார்கள். சொ. சாந்தலிங்கம் போன்ற தொல்லியல் அறிஞர்கள் பாறையருகே நின்று கல்வெட்டைப் படித்துப் பொருள் சொல்கிறார்கள். பின்னர் மரத்தடியில் சேர்ந்தமர்ந்து உண்டு கலைகிறார்கள். குழந்தைகளும் முதியோரும் வருகிறார்கள்.

இதனால் என்ன பயன் என்று கேட்போருக்கு அரிட்டாபட்டி விடை கூறும். மேலூர் வட்டத்திலுள்ள அவ்வூரில் பாண்டியர் காலத்துக் குடைவரைக் கோயில் உண்டு. சமணத் திருமேனி உண்டு. சுனைகளும் ஏரிகளும் உண்டு. அரிய வல்லூறுகள் அக்குன்றுகளில் கூடு கட்டுகின்றன. 2022-ஆம் ஆண்டு நவம்பரில் அரிட்டாபட்டி, மீனாட்சிபுரம் பகுதிகளில் சுமார் 193 ஹெக்டேர் நிலத்தைத் தமிழ்நாடு அரசு பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவித்தது. தமிழ்நாட்டில் அவ்வாறு அறிவிக்கப்பட்ட முதல் இடம் அதுவே. சரியாக இரண்டாண்டு கழித்து, 2024 நவம்பரில், அத்தலத்தின் ஒரு பகுதியையும் சுற்றியுள்ள ஊர்களையும் உள்ளடக்கிய 2,000 ஹெக்டேருக்கு மேற்பட்ட பரப்பு டங்ஸ்டன் கனிமம் வெட்டி எடுப்பதற்காக ஏலத்தில் விடப்பட்ட செய்தி வந்தது.

ஊரார் வாளாவிருக்கவில்லை. கிராம சபைகள் தீர்மானம் இயற்றின. டிசம்பர் 9-ஆம் தேதி தமிழ்நாடு சட்டமன்றமும் தீர்மானம் நிறைவேற்றியது. 2025 ஜனவரி 7-ஆம் தேதி மேலூர்ப் பக்கத்திலிருந்து பல்லாயிரம் பேர் மதுரைக்கு அணிவகுத்து நடந்தனர். ஜனவரி 23-ஆம் தேதி மத்திய அரசு அந்த ஏலத்தை ரத்துச் செய்தது.

இந்த வெற்றி ஊர் மக்களின் வெற்றி. அதில் மற்றவருக்குப் பங்கு பிரித்துக் கொடுக்க நாம் முற்படவில்லை. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். அவ்வூர்க் குடியானவர் மேடையேறிப் பேசியபோது, "எங்கள் நிலம் போகிறது" என்று மட்டும் சொல்லவில்லை. கல்வெட்டைச் சொன்னார், குடைவரையைச் சொன்னார், பறவையையும் சுனையையும் பெயரிட்டுச் சொன்னார். அந்தக் குன்றை ஒருமுறையேனும் நடந்து கண்டவர் நகரங்களில் ஏராளமாய் இருந்தார்கள். அவர்களுக்கு அப்பேச்சு உடனே விளங்கியது. தம் ஊரின் அருமையை எடுத்துச் சொல்லத் தெரிந்தவரும், அதைக் கேட்டறிந்தவரும் முன்கூட்டியே இருந்தது அந்நாளில் பெருந்துணையாயிற்று. பழைய சமணக் கல்வெட்டுகள் சிலவற்றில், திருமேனி இன்னாருடைய காவலில் உள்ளதென்று எழுதி வைப்பதுண்டு. காவல் என்பது பார்த்தறிந்தவரால் மட்டுமே இயல்வது.

இனி நம் வீட்டு நிலையைப் பார்ப்போம். புதுச்சேரி நகருக்குத் தெற்கே, அரியாங்குப்பம் ஆற்றங்கரையில், சைக்கிள் மிதித்தே போய்விடும் தூரத்தில் இருக்கிறது அரிக்கமேடு. 1945-இல் மார்ட்டிமர் வீலரும், 1947 முதல் 1950 வரை பிரெஞ்சு அறிஞர் கசாலும், 1989 முதல் 1992 வரை விமலா பெக்லியும் அங்கே அகழ்ந்தார்கள். ரோமாபுரிச் சாடிகளின் துண்டுகள் கிடைத்தன. செங்கல்லால் கட்டிய தொட்டிகளும் கிடைத்தன. அவை துணிக்குச் சாயமேற்றிய தொட்டிகள் என்று வீலர் கருதினார். பதினெட்டாம் நூற்றாண்டில் கிறிஸ்தவக் குருமார் நடத்திய கல்விச்சாலையின் செங்கல் வளைவுகளும் அங்கே நிற்கின்றன. இதை நேரில் கண்டவர் யாரென்று நம் நெசவாளர் கூட்டமொன்றில் கேட்டோம். நாற்பது பேர் இருந்த இடத்தில் கை தூக்கியவர் மூவர். சாயத்தில் கை தோய்த்துப் பிழைக்கும் நமக்கு, நம் தொழிலின் பழந்தடம் என்று கருதப்படும் இடமே தெரியவில்லையென்றால், அதன்மேல் நாளை எவர் எதைக் கட்டினாலும் நாம் என்ன சொல்லித் தடுப்போம்?

மலையும் மடமும் வேண்டுமென்போருக்குச் செஞ்சி இருக்கிறது. காலையில் பஸ் ஏறினால் வெயில் ஏறுமுன் சேர்ந்துவிடலாம். செஞ்சிக் கோட்டையைப் பலரும் பார்த்திருப்பார்கள். அதற்கு வடக்கே சிங்கவரம் என்னும் சிற்றூர்ப் பக்கத்தில் திருநாதர் குன்று இருப்பதைச் சிலரே அறிவர். பெரும்பாறையொன்றில் இருபத்துநான்கு தீர்த்தங்கரர்களும் இரண்டு வரிசையாய் அமர்ந்திருக்கிறார்கள். சந்திரநந்தி ஆசிரியர் என்பவர் 57 நாள் உண்ணா நோன்பிருந்து அங்கே உயிர் நீத்ததை ஒரு பழங்கல்வெட்டு கூறுகிறது. இளைய பட்டாரர் என்பவர் 30 நாள் நோன்பிருந்ததை மற்றொன்று கூறுகிறது. அதே வட்டாரத்தில் மேல்சித்தாமூரில் தமிழ்ச் சமணரின் தலைமை மடம் இன்றும் விளங்குகிறது. நயினார் என்று வழங்கும் அம்மக்களில் பலர் தலைமுறை தலைமுறையாக வேளாண்மை செய்பவர்கள். நம் விவசாய அங்கத்தினர் அவர்களோடு நெல்லையும் மணிலாவையும் பற்றிப் பேச மொழிபெயர்ப்பாளர் வேண்டியதில்லை.

ஆதலால் நாம் முன்வைக்கும் யோசனை இது. தை அறுவடை முடிந்த பின், வெயில் முற்றுமுன், மாதம் ஒரு ஞாயிறு சங்கம் ஒரு நடையை நடத்த வேண்டும். முதல் நடை அரிக்கமேட்டுக்கு. இரண்டாவது திருநாதர் குன்றுக்கும் மேல்சித்தாமூருக்கும். ஒரு நடைக்கு இருபத்தைந்து பேருக்கு மேல் வேண்டாம். கூட்டம் பெருகினால் கல்வெட்டும் கேளாது, ஊருக்கும் தொல்லை. பாவு அறுத்து அடுத்த பாவு ஏற்றும் இடைநாளில் இருப்போருக்கு முதலிடம் தரலாம். பெண்கள் தனியே கூச்சப்படாதபடி குடும்பமாக அழைக்க வேண்டும். பாறையேற இயலாதவர் அடிவாரத்தில் மரநிழலில் இருந்து கேட்கலாம். முட்டிவலிக்கார நண்பருக்கும் இடமுண்டு.

இதில் ஒரு நிபந்தனை முக்கியமானது. வழிகாட்டி அவ்வூர்க்காரராக இருக்க வேண்டும். அவருக்கு ஒரு நாட் கூலி குறைவின்றித் தர வேண்டும். மதியச் சோறு அவ்வூர்ப் பெண்கள் சமைத்ததாக இருக்க வேண்டும். அதற்கும் உரிய விலை தர வேண்டும். வெளியார் வந்து வேடிக்கை பார்த்து, குப்பையை மட்டும் விட்டுச் செல்லும் சுற்றுலாவினால் ஊருக்கு இழப்பே மிஞ்சும். தன் ஊர்க் கல்லைக் காட்டி ஒருவன் கௌரவமாய் நாலு காசு ஈட்டும்போது, அந்தக் கல்லை உடைத்து விற்கும் எண்ணம் அவனுக்கு வராது. பிறர் உடைக்க வந்தாலும் பொறுக்க மாட்டான். நம் அங்கத்தினரின் பிள்ளைகளில் படித்தோர் சிலர் அரிக்கமேட்டுக்கு வழிகாட்டிகளாகப் பயிற்சி பெறுவதும் நலம்.

"ஞாயிற்றுக்கிழமை ஒரு வேட்டி நெய்தால் கூலியாவது மிஞ்சும், கல்லைப் பார்த்தால் என்ன மிஞ்சும்?" என்று கேட்போரை நாம் குறை கூறமாட்டோம். அரை நாள் கூலியின் அருமை நமக்குத் தெரியும். ஆயினும் ஏரியை இழந்த விவசாயிக்கும் ஊரை இழந்த நெசவாளிக்கும் எந்தக் கூலியும் ஈடாகாது. நம்மில் எவருக்கும் அந்த நிலை வரவேண்டாம். வருமானால், அன்று நம் ஊரைப் பற்றி எடுத்துச் சொல்ல நமக்கு வாயும் விவரமும் வேண்டும். அவை மாதம் ஒரு காலை நடையில் கிடைக்குமானால் விலை மலிவென்றே சொல்வோம்.

இமயத்துக்குப் போகும் வசதி வந்தவர் மகிழ்ச்சியாய்ப் போய்வரட்டும். புட்டி நெசவாளரைக் கண்டு நம் வணக்கத்தையும் தெரிவிக்கட்டும். அவர்கள், "உங்கள் ஊரில் என்ன இருக்கிறது?" என்று திருப்பிக் கேட்பார்கள். அதற்கு விடை சொல்லத் தெரிந்தவராய்ப் போவதே நம் சங்கத்துக்குப் பெருமை. நிர்வாகக் குழுவினர் வரும் கூட்டத்திலேயே முதல் நடைக்கு நாள் குறிப்பார்களென்று நம்புகிறோம்.