பிளக்கில் சொருகினால் வீட்டுப் புகை ஓடுமா?

சுவரில்தான் கரி படியும். அடுப்படிப் புகை அப்படியே இருக்கும்!

தளவானூர்—

கொசு மருந்து மெஷின் அளவுக்கு ஒரு சின்ன டப்பா. சுவரில் இருக்கிற பிளக்கில் சொருகி சுவிட்சைத் தட்டினால் ஒரு லைட் எரியும். அவ்வளவுதான். "வீட்டுக் காற்று சுத்தம்! தூசி, புகை, கிருமி எல்லாம் காலி!" என்கிறது விளம்பரம்.

இதற்குப் பெயர் அயனைசர். விலை சில நூறு ரூபாயில் தொடங்குகிறது. பில்டர் மாற்ற வேண்டாம். சத்தம் கிடையாது. கரண்டும் அதிகம் இழுக்காது. கேட்பவர்களுக்கு ஆசை வரத்தானே செய்யும்?

முன்பெல்லாம் இந்த மாதிரி சாமான் வாங்க வேண்டுமானால் சென்னை ரிச்சி தெருவுக்குப் போக வேண்டும். இப்போது போனில் விரலை வைத்தால் போதும். செஞ்சி பக்கத்தில் மகேந்திரவர்ம பல்லவன் 7-ம் நூற்றாண்டில் குன்றைக் குடைந்து கோவில் கட்டிய தளவானூருக்கும் பார்சல் வந்து விடும்.

ஆனால், தளவானூர் மாதிரி ஊர்களில் வீட்டுக்குள் இருக்கிற புகை எது? இந்த டப்பா அதை விரட்டுமா? பணத்தைக் கொடுப்பதற்கு முன் கொஞ்சம் கணக்குப் பார்ப்பது நல்லது.

டப்பாவுக்குள் என்ன?

டப்பாவுக்குள் ஊசி முனை மாதிரி ஒரு கம்பி இருக்கிறது. அதில் ஆயிரக்கணக்கான வோல்ட் மின்சாரம் ஏற்றப்படுகிறது. மின்னோட்டம் மிகக் குறைவு என்பதால் பெரிய ஷாக் அடிக்காது.

அந்த முனையிலிருந்து மின்சாரம் காற்றில் கசிகிறது. காற்றில் உள்ள அணுக்கூட்டங்கள் மின்னேற்றம் பெறுகின்றன. அவை தூசியிலும் புகையிலும் போய் ஒட்டிக்கொள்கின்றன. மின்னேற்றம் பெற்ற தூசி பக்கத்தில் எது கிடைக்கிறதோ அதில் போய் ஒட்டும். சுவர், டி.வி. கண்ணாடி, திரைச்சீலை, மேஜை எதுவானாலும் சரி.

இது பொய் இல்லை. மூடிய பெட்டிக்குள் சோதித்துப் பார்த்தால் காற்றில் மிதக்கும் தூசி ஓரளவு குறையத்தான் செய்கிறது. அதைத்தான் விளம்பரத்தில் காட்டுகிறார்கள்.

நெய்வேலியில் நடப்பது வேறு

இதே தத்துவத்தில் ஓடுகிற பெரிய எந்திரங்கள் நெய்வேலி அனல் மின் நிலையத்தில் இருக்கின்றன. அமெரிக்க விஞ்ஞானி பிரடெரிக் காட்ரெல் 1900-களின் தொடக்கத்தில் உருவாக்கிய முறை அது. புகைபோக்கிக்குப் போகும் வழியில் சாம்பலுக்கு மின்னேற்றம் கொடுத்து, இரும்புத் தகடுகளில் ஒட்ட வைக்கிறார்கள். பிறகு தகட்டைத் தட்டி, விழுகிற சாம்பலை அள்ளி வெளியே கொண்டு போய் விடுகிறார்கள்.

பிளக் டப்பாவில் தகடும் கிடையாது. அள்ளும் வேலையும் கிடையாது. உங்கள் வீட்டுச் சுவர்தான் தகடு!

சில மாதங்களில் டப்பாவைச் சுற்றிச் சுவரில் கறுப்பு படிவது இதனால்தான். "பாத்தியா, எவ்வளவு அழுக்கை இழுத்திருக்கு!" என்று சந்தோஷப்படுகிறவர்கள் உண்டு. ஆனால் அந்த அழுக்கு வீட்டை விட்டுப் போகவில்லை. வெள்ளிக்கிழமை ஒட்டடை அடித்தால் மறுபடியும் காற்றில், அப்புறம் மூக்கில்!

இன்னொரு குறையும் உண்டு. 10 அடிக்கு 12 அடி அறை, உயரம் 10 அடி என்றால் உள்ளே இருப்பது 1,200 கன அடி காற்று. மணிக்கு 5 தடவை அதைச் சுத்தம் செய்ய வேண்டுமானால், நிமிஷத்துக்கு 100 கன அடி காற்றை இழுத்து வடிகட்ட வேண்டும். பில்டர் வைத்த பெரிய மெஷின்களில் அதற்கு மின்விசிறி இருக்கிறது. பிளக் டப்பாக்கள் பலவற்றில் விசிறியே இல்லை. காற்றை நகர்த்தாமல் எப்படிச் சுத்தம் செய்வது?

ஜெராக்ஸ் கடை வாசனை

பழைய ஜெராக்ஸ் மெஷின் பக்கத்தில் நின்றவர்களுக்கு ஒரு கார வாசனை ஞாபகம் இருக்கும். மின்னல் வெட்டிய பிறகும் அதே வாசனை வரும். அதுதான் ஓசோன்.

ஓசோன் வானத்தில் உயரத்தில் இருந்தால் நமக்குக் குடை. மூக்குக்குள் போனால் எரிச்சல். இருமல் வரும், நெஞ்சு இறுகும், ஆஸ்துமாக்காரர்களுக்கு இழுப்பு கூடும். ஊசி முனையில் மின்சாரம் கசியும்போது ஓசோனும் உண்டாகிறது. எவ்வளவு என்பது டப்பாவுக்கு டப்பா வேறுபடும்.

அதோடு முடியவில்லை. எலுமிச்சை வாசனை போட்ட தரை மருந்து, ரூம் ஸ்பிரே போன்றவற்றின் ஆவியோடு ஓசோன் சேர்ந்தால் பார்மால்டிஹைடு போன்ற நச்சுகளும் உருவாகும்.

அமெரிக்காவில் கலிபோர்னியா மாகாணம் 2007-ல் இதற்கு விதி கொண்டு வந்தது. காற்று சுத்தம் செய்யும் சாதனம் எதுவானாலும் அதிலிருந்து வரும் ஓசோன் 10 லட்சத்தில் 0.05 பங்குக்கு மேல் போகக் கூடாது. சோதனை செய்து சான்று வாங்காமல் அங்கே விற்க முடியாது. 2010 முதல் இது அமலில் இருக்கிறது.

கோர்ட்டுக்குப் போன கம்பெனி

அதே அமெரிக்காவில் ஷார்ப்பர் இமேஜ் என்ற கம்பெனி, மின்னேற்ற முறையில் ஓடும் "அயானிக் பிரீஸ்" மெஷினை அமோகமாக விற்றது. "இது காற்றைச் சரியாகச் சுத்தம் செய்யவில்லை" என்று நுகர்வோர் பத்திரிகையான கன்சூமர் ரிப்போர்ட்ஸ் எழுதியது. கம்பெனிக்குக் கோபம் வந்தது. 2003-ல் கேஸ் போட்டது. 2004-ல் கோர்ட் அதைத் தள்ளுபடி செய்தது.

2005-ல் அந்தப் பத்திரிகை இன்னொரு குண்டைப் போட்டது. இந்த ரக மெஷின்கள் சிலவற்றிலிருந்து ஓசோனும் வருகிறது என்றது. விற்பனை படுத்தது. 2008-ல் கம்பெனி திவால் மனு கொடுத்தது.

கொரோனா வந்த 2020-ல் இந்த வியாபாரம் மறுபடி சூடு பிடித்தது. ஆபீஸ்களிலும் பள்ளிக்கூடங்களிலும் ஏ.சி. குழாயில் அயனைசர் மாட்டினார்கள். அப்படிப்பட்ட ஒரு மெஷினை அமெரிக்கப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் சோதித்து 2021-ல் முடிவை வெளியிட்டார்கள். தூசி குறைந்தது கொஞ்சமே கொஞ்சம். சில ரசாயன ஆவிகள் குறைந்தன. வேறு சில கூடின!

இழுப்பு நிற்குமா?

"பையனுக்கு வீசிங் இருக்கு. அதுக்காகத்தான் வாங்கினோம்" என்று சொல்லும் பெற்றோர்கள் உண்டு. அவர்கள் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயம் இது.

ஆஸ்துமா நோயாளிகளுக்கு அயனைசர் வைத்து நடந்த சோதனைகளை எல்லாம் சேர்த்து 2003-ல் மருத்துவ நிபுணர்கள் அலசினார்கள். பலன் இருப்பதாகத் தெரியவில்லை என்பதுதான் முடிவு.

சீனத் தலைநகர் பெய்ஜிங்கில் பள்ளிப் பிள்ளைகளை வைத்து நடந்த ஆய்வு 2019-ல் வெளியானது. அயனைசர் ஓடிய வகுப்பறையில் தூசி குறைந்தது. பிள்ளைகளின் மூச்சுத் திறனும் கொஞ்சம் கூடியது. ஆனால் இதயத் துடிப்பின் ஒழுங்கில் நல்லதல்லாத மாற்றம் தெரிந்தது. ஒரு கையில் கொடுத்ததை மறு கையில் பிடுங்கிய கதை!

இன்ஹேலர் செலவை நிறுத்தி விட்டு டப்பா வாங்கினால் நஷ்டம் பணம் மட்டும் அல்ல.

புகை எங்கே இருந்து வருகிறது?

டில்லிக்காரர்களின் கவலை வெளியே இருந்து வரும் புகை. செஞ்சி வட்டாரக் கிராமங்களில் பாதிப் புகை வீட்டுக்குள்ளேயே பிறக்கிறது.

தமிழ்நாட்டில் 2006 தேர்தலுக்குப் பிறகு அரசு இலவச காஸ் அடுப்பு கொடுத்தது. மத்திய அரசின் உஜ்வாலா திட்டம் 2016 மே 1-ந் தேதி தொடங்கியது. அடுப்பு இல்லாத வீடு குறைந்து விட்டது. ஆனால் சிலிண்டர் தீர்ந்தால்? வேலிக்காத்தான் விறகும் சவுக்கு மிலாறும் மறுபடி அடுப்படிக்கு வருகின்றன. குளிக்க வெந்நீர் என்றால் பல வீடுகளில் விறகுதான். "வெந்நிக்கு எவன் காஸை எரிப்பான்?" என்பதுதான் கேள்வி.

அடுத்தது கொசுவர்த்திச் சுருள். சீன, மலேசியச் சுருள்களைச் சோதித்த ஆய்வு 2003-ல் வெளியானது. ஒரு சுருள் முழுவதும் எரிந்தால் வருகிற நுண்தூசி 75 முதல் 137 சிகரெட்டுக்குச் சமம்! சன்னலைச் சாத்திக்கொண்டு குழந்தையின் தலைமாட்டில் அதை வைக்கிறோம்.

2019-ம் ஆண்டில் மட்டும் காற்று மாசு காரணமாக இந்தியாவில் சுமார் 16.7 லட்சம் பேர் இறந்ததாக மருத்துவ ஆய்வாளர்கள் கணக்கிட்டனர். அதில் சுமார் 6 லட்சம், வீட்டு அடுப்புப் புகையின் கணக்கு.

விழுப்புரத்தில் நடந்த சோதனை

இந்த விஷயத்தில் உலகமே கவனித்த ஒரு சோதனை நம்ம பக்கத்திலேயே நடந்திருக்கிறது. இந்தியா, கவுதமாலா, பெரு, ருவாண்டா ஆகிய 4 நாடுகளில் 3,200 கர்ப்பிணிகள் இதில் சேர்க்கப்பட்டார்கள். இந்தியாவில் சென்னை போரூர் ஸ்ரீ ராமச்சந்திரா நிறுவனம் இதை நடத்தியது. அப்போது விழுப்புரம் மாவட்டத்தில் இருந்த கள்ளக்குறிச்சிப் பகுதியும் நாகப்பட்டினமும் இதற்குத் தேர்ந்தெடுக்கப்பட்டன.

பாதிப் பேருக்கு காஸ் அடுப்பும் காஸும் இலவசம். மீதிப் பேர் வழக்கம்போல விறகு. முடிவு 2022-ல் வந்தது.

4 நாட்டையும் சேர்த்துப் பார்த்தால், விறகு வீட்டுக் கர்ப்பிணிகள் சுவாசித்த நுண்தூசியின் நடு அளவு ஒரு கன மீட்டருக்கு 70.7 மைக்ரோகிராம். காஸ் வீட்டில் 24. ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்காகக் குறைந்து விட்டது!

ஆனால் பிறந்த குழந்தைகளின் எடையில் வித்தியாசம் சுமார் 20 கிராம்தான். அதைப் பெரிய மாற்றமாக ஆய்வாளர்கள் எடுத்துக்கொள்ளவில்லை. குழந்தைகளுக்கு வரும் நிமோனியாவும் குறையவில்லை என்று 2024-ல் தெரிந்தது.

அப்படியானால் காஸ் வீணா? அப்படி இல்லை. உலக சுகாதார நிறுவனம் 2021-ல் சொன்ன ஒரு நாள் வரம்பு 15 மைக்ரோகிராம். காஸ் வீட்டில் இருந்ததே அதற்கு மேல்தான். கர்ப்பம் தரித்த பிறகு அடுப்பை மாற்றினால் போதாது. முன்பே மாற்ற வேண்டியிருக்கலாம். தெருப் புகையும் அக்கம்பக்கத்து அடுப்புப் புகையும் வேறு இருக்கின்றன.

யோசிக்க வேண்டியது இங்கேதான். அடுப்பையே மாற்றி, புகையை மூன்றில் ஒரு பங்காக்கியும் குழந்தையின் எடையில் பெரிய வித்தியாசம் காட்ட முடியவில்லை. அப்படியிருக்க, விறகு எரிகிற வீட்டில் மூலையில் ஒரு டப்பாவைச் சொருகினால் என்ன ஆகி விடும்?

என்ன செய்யலாம்?

டப்பாவுக்கு வைத்திருக்கும் பணத்தை சிலிண்டர் பக்கம் திருப்பலாம். அடுப்படியில் எக்ஸாஸ்ட் பேன் வைக்கலாம். முடியாவிட்டால் கூரையை ஒட்டிப் புகை போக வழி வைக்கலாம். வெந்நீர் அடுப்பை வாசல் சன்னலுக்கு நேராக வைக்காமல் தள்ளி வைக்கலாம். கொசுவர்த்திக்குப் பதில் கொசுவலை கட்டலாம். தண்ணீர் தெளித்துப் பெருக்கலாம். ஈரத் துணியால் துடைக்கலாம். குப்பையையும் பிளாஸ்டிக்கையும் தெருவில் கொளுத்தாமல் இருக்கலாம். கர்ப்பிணியும் கைக்குழந்தையும் அடுப்பு எரியும் நேரத்தில் அங்கே இல்லாமல் பார்த்துக்கொள்ளலாம்.

டவுனில் கதவை மூடி வைக்கிற வீடு, ஆஸ்துமா நோயாளி இருக்கிறார் என்றால், விசிறியும் ஹெப்பா பில்டரும் உள்ள மெஷின் உதவும். விலை ஆயிரக்கணக்கில். பில்டரையும் மாற்ற வேண்டும். ஓட்டு வீட்டில், நாலு பக்கமும் காற்று வருகிற இடத்தில், அதுவும் வீண் செலவுதான்.

அயனைசர் வாங்கியே தீருவேன் என்பவர்கள் இரண்டு கேள்வி கேட்க வேண்டும். "ஓசோன் சோதனைச் சான்று இருக்கா? நிமிஷத்துக்கு எவ்வளவு காற்றைச் சுத்தம் செய்யும்?" பதில் இல்லை என்றால் கடையை விட்டு இறங்கி விடலாம்.

ஏமாந்தால் எங்கே போவது?

2019-ம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2020 ஜூலையில் அமலுக்கு வந்தது. ஏமாற்று விளம்பரத்துக்கு 10 லட்சம் ரூபாய் வரை அபராதம் போட அதில் இடம் இருக்கிறது. தேசிய நுகர்வோர் உதவி எண் 1915.

பார்சலில் வாங்கினாலும் வாங்கியவர் குடியிருக்கும் மாவட்டத்திலேயே கேஸ் போடலாம். பொருள் மதிப்பு 5 லட்சம் ரூபாய் வரை கட்டணம் கிடையாது. பில்லையும் விளம்பரப் படத்தையும் பத்திரமாக வைத்திருந்தால் போதும்.

சில நூறு ரூபாய்க்கு யார் கோர்ட் ஏறுவார்கள் என்ற தைரியத்தில்தான் இந்த வியாபாரம் நடக்கிறது. அந்தச் சில நூறு ரூபாய் காஸ் சிலிண்டருக்குப் போயிருந்தால், அந்த வீட்டு அடுப்படியில் கொஞ்ச நாளாவது புகை இல்லாமல் இருந்திருக்கும்.