மாண்டவளை மீட்கப் போன படகு

விளையாட்டு என்னுஞ் சொல்லைக் கேட்டவளவிலே பந்தையும் மட்டையையும் நினைப்போர் நம் கலாசாலை ஆசிரியருள் இன்னும் பலர். மாணாக்கரோ, அறையினுள் அமர்ந்து திரையின் எதிரே விரல்களால் ஆடும் வீடியோ கேமையே விளையாட்டு என்கின்றனர். முன்னவர் பின்னவரை நோக்கி, காலத்தைப் பாழ்செய்கின்றீர் என்பர். பின்னவர் முன்னவரை நோக்கி, நீவிர் ஒன்றும் அறியீர் என்பர். இவ்விரு கட்சியாரும் ஒருங்கிருந்து சிந்தித்தற்குரிய ஆட்டம் ஒன்று உண்டு. ஜப்பான் நாட்டுக் கொனாமி கம்பெனியார் பிளேஸ்டேஷன் 2 என்னுங் கருவிக்கென 2001-ஆம் ஆண்டில் வெளியிட்ட 'சைலண்ட் ஹில் 2' என்பதே அது. போலந்து நாட்டுப் புளூபர் டீம் நிறுவனத்தார் 2024-ஆம் ஆண்டில் அதனைப் புதுக்கி வெளியிட்டமையால், இன்றைய இளைஞர் பலரும் அதனை அறிவர். சிறுவர்க்குரிய ஆட்டமன்று, முதிர்ந்தோர்க்கெனவே வகுக்கப்பட்டது. அதன் முடிவுகளுள் ஒன்றைப் பற்றியே ஈண்டுக் கூற விழைகின்றோம். முடிவையறியாது ஆட விரும்புவோர் இவ்வளவில் ஏட்டைப் புரட்டி அடுத்த கட்டுரைக்குச் செல்வாராக.

கதை இது. ஜேம்ஸ் சண்டர்லண்ட் என்பானுக்கு அவன் மனைவி மேரியினிடமிருந்து கடிதம் ஒன்று கிடைக்கின்றது. சைலண்ட் ஹில் என்னும் அமெரிக்கச் சிற்றூரில், தாம் இருவரும் முன்னர்த் தங்கி மகிழ்ந்த இடத்திலே, அவனுக்காகக் காத்திருப்பதாக அவள் எழுதியிருக்கின்றாள். மேரியோ நோயுற்று இறந்து மூன்றாண்டுகள் ஆயின என்பது ஜேம்ஸின் எண்ணம். இறந்தவள் கடிதம் வரைவது எங்ஙனம்? எனினும் அவன் புறப்படுகின்றான். ஊரெங்கும் மூடுபனி, தெருக்களிலே வடிவு திரிந்த கொடிய உருக்கள். அடுக்குமாடி வீடுகளிலும், மருத்துவமனையிலும், பாழ்பட்ட சிறையிலும் அலைந்து, ஈற்றில் ஏரிக்கரை விடுதியின் 312-ஆம் எண் அறையை அடைந்து, வீடியோ நாடா ஒன்றைப் போட்டுப் பார்க்கின்றான். நோய்ப்படுக்கையிற் கிடந்த மேரியைத் தலையணையால் மூச்சடக்கிக் கொன்றவன் தானே என்பதை அப்பொழுது காண்கின்றான். அதுகாறும் அவன் தேடி வந்தது மனைவியை அன்று; தான் மறந்தொழிந்த தன் செயலையே என்பது விளங்குகின்றது.

இவ்வாட்டத்திற்கு முடிவு பல. அவற்றுள் மூன்று, ஆடுவோன் ஆட்டத்தினிடையே நடந்துகொண்ட முறையைப் பொறுத்து அமைவன. மேரியின் படத்தையும் கடிதத்தையும் அடிக்கடி எடுத்துப் பார்த்து, காயம்பட்டபோது உடனே மருந்திட்டுக்கொண்டானாயின், அவன் ஊரை விட்டு வெளியேறும் முடிவு நெருங்கும். உயிர் போகும் நிலையிலும் மருந்து நாடாது திரிந்து, ஆஞ்செலா என்பாளிடமிருந்து பெற்ற கத்தியையே மீண்டும் மீண்டும் உற்று நோக்கினானாயின், ஏரிநீரில் மூழ்கி மாயும் முடிவு வரும். மேரியின் சாயலாகவே தோன்றும் மரியா என்பாளைப் பிரியாது காத்து நின்றால், அவளோடு செல்லும் முடிவு. இவற்றைக் குறித்து ஆட்டம் ஒரு சொல்லும் சொல்வதில்லை. சித்திரகுப்தன் கணக்கெழுதுவதாக நம் பாட்டிமார் சொல்வரே, அதனை ஒத்த கணக்கு இது. எழுதப்படுவது எழுதப்படுகின்றவனுக்குத் தெரியாது.

'ரீபெர்த்', அதாவது மறுபிறப்பு, என்னும் முடிவோ இவற்றினின்றும் முற்றிலும் வேறு. அதற்கு நடத்தைக் கணக்கில்லை. நான்கு பொருள்களைச் சேர்த்தல் வேண்டும். வெண்தைலம் அடைத்த சிறுகுப்பி அடுக்குமாடி வீடுகளிற் கிடைக்கும்; இழந்த நினைவுகளின் நூல் பெட்ரோல் நிலையத்தின் செய்தித்தாட் பெட்டியில்; எரிமலைக் கண்ணாடியாலாய கரிய கிண்ணம் ஊர் வரலாற்றுக் காட்சிச்சாலையில்; செந்நிறச் சடங்கின் நூல் ஏரிக்கரை விடுதியின் படிப்பறையில். இவற்றுள் ஒன்றையேனும் எடுக்குமாறு ஆட்டம் நிர்ப்பந்திப்பதில்லை. எந்தக் கதவும் இவற்றால் திறவாது. எந்தப் பகையும் இவற்றால் வீழாது. எடாது சென்றால் குறையொன்றும் இல்லை. நான்கும் கைப்பட்டால் மட்டும், மேரியின் உடலைப் படகிலேற்றி, டொலூக்கா ஏரியின் நடுவேயுள்ள தீவை நோக்கி ஜேம்ஸ் துடுப்பிடுகின்றான். இவ்வூரின் பழந்தெய்வங்கள் இன்னும் நீங்கவில்லை என்றும், வழிபடுவார்க்குச் சாவையும் எதிர்க்கும் ஆற்றலை அவை அளிக்கும் என்றும் தனக்குத்தானே கூறிக்கொள்கின்றான். படகு பனியினுள் மறைகின்றது. மேரி எழுந்தாளா என்பது காட்டப்படவில்லை.

முதன்முறை ஆடுவோர்க்கு இந்நான்கு பொருள்களும் அகப்படமாட்டா என்பது ஊன்றி நோக்கத்தக்கது. ஒருமுறை முற்ற ஆடி, 312-ஆம் அறையின் உண்மையைக் கண்டு, மீண்டுந் தொடங்கினார்க்கே அவை தோன்றும். இரண்டாம் முறை அத்தைலக்குப்பியை எடுக்கும் ஜேம்ஸ் தான் கொலைஞன் என்பதை அறியான்; அவனை நடத்தும் விரல்களுக்குரியவர் அறிவர். மற்றை முடிவுகளிலே நாம் அறியாது செய்தவை நம்மைக் கொண்டுபோய்ச் சேர்க்கின்றன. இதிலோ அறிந்தே, குனிந்து, ஒவ்வொன்றாக எடுத்துப் பைக்குள் இடுகின்றோம். தண்ணீரில் மூழ்கும் முடிவைப் பலர் யாவற்றினும் இருண்டது என்பர். நமக்கு அது சம்மதமன்று. அஃது இரக்கத்திற்குரியது; இருண்டது இதுவே.

கிறிஸ்தவ அன்பர் சிலர் இதனைக் கேட்டு முகஞ்சுளிக்கக்கூடும். தைலமும், பாத்திரமும், நூலும் திருச்சபையின் சடங்குகளுக்கு உரியனவல்லவா; அவற்றைப் பேய்ச்சடங்கிற்கு ஆக்கியது நிந்தனையன்றோ என்பர். பெயர்களை நோக்குமிடத்து இவ்வொற்றுமை தற்செயலாக அமைந்ததன்று என்றே நாமும் கருதுகின்றோம். ஆயினும் நிந்தனை என்று கொள்வதற்கில்லை. பொய்ச்சடங்கு மெய்ச்சடங்கின் ஆடையையே உடுத்து வரும். சவுல் அரசன் இரவில் மாறுவேடம் பூண்டு, எந்தோரிலே அஞ்சனம் பார்ப்பவளிடஞ் சென்று, இறந்த சாமுவேலை எழுப்பச் சொன்ன செய்தியை வேதமே மறைக்காது சொல்லுகின்றது. அதனைப் படிக்கும் நமக்கு இதனைக் காண்பதால் கேடு வந்துவிடாது.

இதனினும் வலிய தடை ஒன்றுண்டு. சாவித்திரி எமனைப் பின்தொடர்ந்து கணவனை மீட்டாள். அவளைக் கற்பிற்கு அணியென்று போற்றுகின்றோம். மனைவியை மீட்கத் துணிந்த ஜேம்ஸை மட்டும் பழிப்பது முறையோ என்று மாணாக்கர் ஒருவர் வினவலாம். நல்ல வினாவே. ஆனால் சத்தியவானைக் கொன்றவள் சாவித்திரியல்லள். அன்றியும் அவள் எமனோடு நேர்நின்று, அறம் பேசி, வெளிப்படையாக வரம் பெற்றாள். ஜேம்ஸோ ஒருவரோடும் பேசவில்லை. மேரியையேனும் கேட்டானா? ஊரைவிட்டு வெளியேறும் முடிவிலே மேரியின் கடிதம் முழுதும் அவள் குரலிலேயே படிக்கப்படுகின்றது. நோயால் உருவழிந்து, சினந்து, அழுது, பின் தெளிந்து, கணவன் தன்னைவிட்டு விடுபட்டு வாழவேண்டுமென்று அவள் கேட்டுக்கொள்கின்றாள். படகிலோ பேசுபவன் ஜேம்ஸ் ஒருவனே. அவள் உயிர் அவன் விருப்பப்படி ஒருமுறை போயிற்று. இனி அவன் விருப்பப்படியே திரும்பவும் வேண்டுமாம். அதனை அன்பென்று அழைக்க எமக்கு நா எழவில்லை.

இறந்தாரை எழுப்பப் பொருள் தேடி அலைந்தவர் கதை மற்றொன்றும் நாம் அறிந்ததே. கிசா கோதமி என்பாள் மாண்ட மகவைத் தோளிற் சுமந்து வந்தபோது, சாவு நேராத வீட்டில் ஒரு பிடி கடுகு பெற்று வருமாறு புத்தர்பிரான் பணித்தார். அவள் வீடுதோறும் சென்றாள். கடுகு எவ்வீட்டிலும் இருந்தது. சாவும் எவ்வீட்டிலும் இருந்தது. பொழுது சாய்வதற்குள் அவள் மகவைச் சுடுகாட்டிற் கிடத்தினாள். கோதமியை ஆற்றியது கடுகன்று, வாயில்தோறும் நின்று பிறர் துயரைக் கேட்ட கேள்வியே. ஜேம்ஸும் வீடுவீடாகத்தான் நுழைகின்றான். அவன் எதிர்ப்படும் ஆஞ்செலாவும் எட்டியும் தத்தமக்கெனப் பெருந்துயர் உடையவர். அவர்கள் வாய்திறந்து சொல்லவுஞ் சொல்கின்றனர். பைக்குள் நான்கு பொருள் நிரம்பியவனுக்கு அச்சொற்கள் ஏறினவாகத் தெரியவில்லை.

இனி மாணாக்கரிடம் ஒரு சச்சரவு. இம்முடிவைக் கண்டோம் என்று சொல்லும் இளைஞருட் பெரும்பாலார், எப்பொருள் எவ்வறையிலுள்ளது என்னும் பட்டியலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, மளிகைக் கடைக்குச் சென்று வருவார்போல் நான்கையும் சேர்த்தவர்களே. எல்லா முடிவையும் பார்த்துவிடல் வேண்டுமென்பது அவர்கள் வாதம். பார்க்கட்டும், முற்ற அறியும் வேட்கையைக் குறைகூறுவது கலாசாலைச் சஞ்சிகைக்கு அழகன்று. ஆனால் பட்டியலிற் கண்ணை வைத்தவனுக்கு, கொலையுண்டவளை அவள் சம்மதமின்றி எழுப்பும் சடங்கிற்கே தன் கை பொருள் திரட்டுகின்றது என்பது ஒருகாலும் தோன்றாது. பட்டியலின்றி, இது யாதோ என்று ஐயுற்று அக்கரிய கிண்ணத்தைக் கையிலெடுத்தவனே இம்முடிவை உள்ளவாறு கண்டவன் ஆவான். அத்தகையோர் நம் விடுதியில் ஓரிருவர் இருப்பினும் மகிழ்வோம்.

லாரா என்னுஞ் சிறுமியைப் பற்றி ஈதுகாறும் ஒன்றும் சொல்லவில்லை. மருத்துவமனையில் மேரியோடு பழகிய அப்பெண்ணுக்கு ஆட்டத்தின் காலத்திலே வயது எட்டு. சென்ற வாரந்தான் எட்டு நிரம்பிற்று என்று அவள் சொல்லக் கேட்டே, மேரி இறந்து மூன்றாண்டு ஆகவில்லை என்பதை ஜேம்ஸ் உணர்கின்றான். தான் பிழைத்திருப்பின் அவளை மகவாக ஏற்றிருப்பேன் என்னுங் கருத்தை மேரி அவளுக்கு எழுதிய கடிதத்தில் குறித்திருக்கின்றாள். வெளியேறும் முடிவில் ஜேம்ஸும் லாராவும் கல்லறைகளினூடே ஒன்றாக நடந்து செல்வதைக் காண்கின்றோம். மறுபிறப்பு முடிவிலே படகில் இருவருக்கே இடம். அவருள் ஒருவர் பிணம். மேரி வேண்டிய பெண் அந்நேரம் அம்மூடுபனியூரின் எத்தெருவில் நிற்கின்றாள் என்பதை ஆட்டமும் சொல்லவில்லை, துடுப்பிடுகின்றவனும் கேட்கவில்லை.