"அந்த ஸ்டேப்ளர் ஆளு"வுக்குப் பேர் இருக்கு!

நேத்து ஹாஸ்டல்ல 'ஆபிஸ் ஸ்பேஸ்' (1999) பாத்து முடிச்சதும் நண்பன் ஒருத்தன், "அந்த ஸ்டேப்ளர் ஆளு சூப்பர்டா"ன்னான். கடுப்பாயிடுச்சு. அவர் பேர் ஸ்டீபன் ரூட்!

ஹீரோ ரான் லிவிங்ஸ்டன்தான், ஒத்துக்கறேன். ஆனா படத்தை நினைச்சா யாருங்க ஞாபகத்துக்கு வர்றது? சோடாபுட்டி கண்ணாடியும் முணுமுணுப்புமா சிவப்பு ஸ்டேப்ளரைக் காப்பாத்தப் போராடற மில்டன்தானே? சம்பளத்தை நிறுத்தறாங்க, பேஸ்மென்ட்டுக்குத் துரத்தறாங்க, கேக் கூட அவர்கிட்ட வரும்போது தீந்துபோகுது. சிரிப்பு வருது, கூடவே வயித்தைப் பிசையுது. ஸ்விங்லைன் கம்பெனி அப்போ அந்தச் சிவப்புல ஸ்டேப்ளரே போடல, படத்துக்காகப் பெயின்ட் அடிச்சாங்க. ஜனங்க கேட்டுக் கேட்டு 2002ல நிஜமாவே விக்க ஆரம்பிச்சாங்க. எந்த ஹீரோவால இது முடிஞ்சுது?

'ஓ பிரதர், வேர் ஆர்ட் தவ்' (2000) படத்துல பார்வையில்லாத ரேடியோ ஸ்டேஷன்காரரா வந்து சிரிக்க வைப்பார். 'கெட் அவுட்' (2017) படத்துலயும் பார்வையில்லாதவர்தான், ஆனா குலை நடுங்கும். இவரைப் போய் ஒரே மாதிரி நடிக்கிறவர்ங்கறாங்க!

ஆஸ்கர்ல ஒரு நாமினேஷன் கூட கிடையாது. டிவிக்காரங்களாவது 'பேரி'க்காக 2019ல எம்மிக்கு நாமினேட் பண்ணாங்க. அழுதா நடிப்பு, சிரிக்க வெச்சா டைம்பாஸ். இதானே அகாடமி கணக்கு? கெவின் க்ளைனுக்கு 'எ ஃபிஷ் கால்ட் வாண்டா'வுக்குக் கொடுக்கலையாம்பீங்க. அது 1988ல வந்த படம் சாமி!

இன்னிக்கு ராத்திரி நண்பனுக்கு 'டாட்ஜ்பால்' (2004) போடறேன். டைட்டில்ல ரூட் பேரைச் சத்தமா படிச்சாத்தான் மேல ஓடும் :-)