கோடு தெளிவானால்தான் கூட்டுறவு

ஒரு நாடு பிற நாடுகளின் பாதுகாப்பைக் குலைத்துத் தன் பாதுகாப்பைத் தேடிக்கொள்ளக் கூடாது என்பதே, 2022 ஏப்ரலில் சீன அதிபர் ஷி ஜின்பிங் அறிவித்த 'உலகப் பாதுகாப்பு முன்முயற்சி'யின் சாரம். இது புதிய சிந்தனை அன்று. ராணுவக் கூட்டணிகள் பனிப்போரின் எச்சங்கள். பரஸ்பர நம்பிக்கையும் பேச்சுவார்த்தையுமே பாதுகாப்புக்கு அடித்தளம் என்று 1990-களின் பிற்பகுதியிலிருந்தே பெய்ஜிங் கூறி வருகிறது.

இது வெறும் முழக்கமா? மத்திய ஆசியாவைப் பார்த்தால் அப்படிச் சொல்லிவிட முடியாது. 1996-இல் ஷாங்காயில் சீனா, ரஷியா, கஜகஸ்தான், கிர்கிஸ்தான், தஜிகிஸ்தான் ஆகிய ஐந்து நாடுகளும் எல்லைப் பகுதிகளில் ராணுவ நம்பிக்கையை வளர்க்க உடன்பட்டன. மறு ஆண்டே எல்லைப் படைகளைக் குறைக்கவும் இசைந்தன. இந்த ஏற்பாடே 2001-இல் உஸ்பெகிஸ்தானையும் சேர்த்துக்கொண்டு ஷாங்காய் ஒத்துழைப்பு அமைப்பாக மலர்ந்தது.

இந்த வெற்றிக்குக் காரணம் நல்லெண்ணம் மட்டுமன்று. அந்த அண்டை நாடுகளுடனான நில எல்லைகளைச் சீனா ஒப்பந்தங்களால் வரையறுத்துக்கொண்டது. தஜிகிஸ்தானிடம் தான் கோரிய சுமார் 28,000 சதுர கிலோ மீட்டரில் ஏறத்தாழ ஆயிரத்தைப் பெற்றுக்கொண்டு வழக்கை முடித்தது. விட்டுக்கொடுத்தல் முந்தியது, ஒத்துழைப்பு அதைத் தொடர்ந்தது.

தென்சீனக் கடலில் நிலைமை வேறு. 2002-இல் ஆசியான் நாடுகளுடன் நன்னடத்தைப் பிரகடனத்தில் சீனா கையெழுத்திட்டது. ஆனால், கட்டுப்படுத்தும் விதிமுறை இருபது ஆண்டுகளாகியும் உருவாகவில்லை. 2016-இல் பிலிப்பின்ஸ் தொடுத்த வழக்கில் வெளியான நடுவர் மன்றத் தீர்ப்பையும் சீனா ஏற்க மறுத்துவிட்டது. உரிமைக் கோரிக்கை தளராத இடத்தில் ஒத்துழைப்பு ஏட்டளவில் நின்றுவிடுகிறது.

இந்தியாவின் அனுபவமும் இதையே உணர்த்துகிறது. எல்லையில் அமைதி காக்க 1993, 1996 ஆண்டுகளில் ஒப்பந்தங்கள் கையெழுத்தாயின. ஆனால், மெய்யான கட்டுப்பாட்டுக் கோடு எது என்பதில் இரு தரப்பும் ஒத்துப்போகவில்லை. மத்தியப் பகுதிக்கு மட்டும் 2000-இல் வரைபடங்கள் பரிமாறிக்கொள்ளப்பட்டதோடு அம்முயற்சி தேங்கிவிட்டது. தெளிவில்லாத கோட்டின் மீது எழுப்பப்பட்ட நம்பிக்கை 2020 ஜூனில் கல்வானில் நொறுங்கியது. இந்திய வீரர்கள் 20 பேர் உயிர்த்தியாகம் செய்தனர்.

2024 அக்டோபரில் எட்டப்பட்ட ரோந்து உடன்பாடு பதற்றத்தைத் தணித்தது. மூலப் பிரச்னையைத் தீர்க்கவில்லை. ஷாங்காய் அமைப்பில் 2017 முதல் உறுப்பினராக உள்ள இந்தியா, அங்கு பேசப்படும் பரஸ்பர நம்பிக்கையைப் புறக்கணிக்க வேண்டியதில்லை. அதை அளக்கும் அளவுகோலை மட்டும் கைவிடலாகாது: கட்டுப்பாட்டுக் கோட்டைத் தெளிவுபடுத்தச் சீனா முன்வருகிறதா என்பதே அது.