பேரு சூப்பர்... அர்த்தம் சரியா பாஸ்?

அக்காவுக்கோ அண்ணிக்கோ குழந்தை பிறந்துட்டா, வீட்டுல காலேஜ் போற ஆளுக்கு ஒரு வேலை ரெடி. "எந்நேரமும் போனைத்தானே நோண்டுறே? 'ஆ'வுல ஆரம்பிக்கிற மாதிரி நல்ல பேரா பார்த்துச் சொல்லு!" நீங்களும் டக்குனு நெட்டுல தேடி 'ஆதிரா'ன்னு சொல்வீங்க. அர்த்தம்? ஒரு லிஸ்ட்ல மின்னல், இன்னொண்ணுல நிலா. எது சரி?

மேட்டர் என்னன்னா, இந்த லிஸ்ட் எல்லாம் இங்கிலீஷ் எழுத்துல இருக்கு. அதுல குறில், நெடில் எல்லாம் காணாமப் போயிடும். 'மின்னல்' வந்தது சமஸ்கிருத 'அதீரா'விலேருந்து. அதுக்கு அகராதியில மின்னலோட சேர்த்து, நிலையில்லாதவள்ங்கிற அர்த்தமும் இருக்கு. லிஸ்ட் போட்டவர் அதை மட்டும் நைஸா கழட்டி விட்டுட்டார்! நம்ம ஊர்ல 'ஆதிரை'ன்னா திருவாதிரை நட்சத்திரம். மணிமேகலைக்கு முதல் பிச்சை போட்டவர் பேரும் ஆதிரைதான். அதோட வேர் 'ஆர்த்ரா', அதாவது ஈரம். 'நிலா' கதையும் இதேதான். இங்கிலீஷ்ல எழுதினா 'நீலா'வும் அதுவும் ஒண்ணாயிடும். சந்திரன் எது, நீல நிறம் எதுன்னு லிஸ்ட்டுக்கே தெரியாது.

அதனால முதல்ல பேரைத் தமிழ்ல எழுதுங்க. அப்புறம் சென்னைப் பல்கலைக்கழகத்தோட தமிழ் லெக்சிகனைத் திறங்க. 1924-லேருந்து 1936 வரைக்கும் ஆறு தொகுதியா வந்தது. சிகாகோ பல்கலைக்கழகம் அதை நெட்டுல இலவசமா வச்சிருக்கு. சமஸ்கிருதப் பேருன்னா மோனியர் வில்லியம்ஸ் அகராதி. ரெண்டுலயும் இல்லாத பேருக்கு 'வெற்றி, அழகு, அறிவு'ன்னு மூணு அர்த்தம் போட்டிருந்தா கொஞ்சம் உஷாராகுங்க.

அகராதி மட்டும் போதாத பேரும் இருக்கு. நம்ம மாவட்டத்துல தெருவுக்கு ரெண்டு பழனிச்சாமி இருப்பாங்க. பழனிக்கு அர்த்தம் கேட்டா எல்லாரும் 'பழம் நீ' கதையைச் சொல்வாங்க. 1965-ல 'திருவிளையாடல்' படத்துல கே.பி.சுந்தராம்பாள் பாடினாலும் பாடினாங்க, அதுக்கப்புறம் எதிர்க்கேள்வியே இல்லை! ஆனா அகநானூறு முதல் பாட்டுலயே 'பொதினி'ன்னு ஒரு ஊர் வருது. ஆவி குலத்துத் தலைவனோட ஊர். அதுதான் மருவி பழனி ஆச்சுன்னு அறிஞர்கள் சொல்றாங்க. பழனம்னா வயல், அதிலேருந்து வந்ததுன்னு சொல்றவங்களும் உண்டு. மலை மேல நின்னு வையாபுரிக் குளத்தையும் சுத்தி இருக்கிற பச்சையையும் பார்த்தவங்களுக்கு அதுவும் நம்புற மாதிரிதான் இருக்கும். கதை பக்திக்கு, வேர் தேடுறது வேற டிபார்ட்மென்ட். பாட்டிகிட்ட போய் இதுக்காகச் சண்டை போடாதீங்க.

சரி, உங்க கிளாஸ்ல 'தண்டம்'னு கலாய்க்கப்படுற தண்டபாணி இருக்காரா? தண்டம்னா கோல், பாணின்னா கை. கையில கோல் வச்சிருக்கிற பழனி முருகனேதான். இனிமே கலாய்க்கிறப்போ யோசிச்சுக்குங்க!

லெக்சிகன் எல்லாம் பார்க்க டைம் எங்கேன்னு மாமா பரபரப்பார். 1969-ம் வருஷ பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டப்படி, பேர் இல்லாமலே பிறப்பைப் பதிவு பண்ணலாம். பதிவு பண்ணி 12 மாசம் வரைக்கும் பேரைக் கட்டணமில்லாம சேர்க்கலாம், அதுக்கப்புறம் தாமதக் கட்டணத்தோட 15 வருஷம் வரைக்கும் டைம் இருக்கு. ஆனா ஒருதடவை ஏறிட்ட பேரை மாத்தணும்னா கெஜட் வரைக்கும் அலையணும். மாமாகிட்ட இதையும் சொல்லி வைங்க.